பழஞ்சின்னங்களின் சக்தியைக் கற்பனையாக எழுதிப் புத்தகமாக்க: வடசென்னைக்காரர்களுக்கு ஒரு வழிகாட்டி

பழைய சின்னங்களுக்குள் ஏதோ ஒரு சக்தி ஒளிந்திருக்கிறது என்று நீங்களே ஒரு கொள்கையை உருவாக்கி, அதை வைத்து ஒரு குறுநாவல் எழுதி, சொந்தச் செலவில் அச்சிட நினைக்கிறீர்களா? இந்தக் கட்டுரை உங்களுக்குத்தான். தண்டையார்பேட்டையில் இருந்துகொண்டு அப்படி ஒரு புத்தகத்தைக் கொண்டுவர நான் பட்ட அலைச்சலில் பாதி, விவரம் ஒரே இடத்தில் கிடைக்காததால் வந்தது. கதை எழுதச் சொல்லித் தருகிறவர்கள் சட்டத்தைப் பற்றிப் பேசுவதில்லை. அச்சகத்தில் கேட்டால் ஒரு பாரத்துக்கு (சேர்த்து அச்சாகிற 16 பக்கத்துக்கு) இவ்வளவு என்பதோடு நிறுத்திக்கொள்கிறார்கள். இரண்டுக்கும் நடுவில் கிடக்கிற வேலைகளை வரிசையாகக் கீழே எழுதியிருக்கிறேன்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எது நீங்கள் கட்டியது, எது உள்ளது என்பது ஒவ்வொரு படியிலும் தெளிவாக இருக்க வேண்டும். உங்கள் நோட்டில், முன்பக்கத்தில், பின்னட்டையில், விற்கும்போது பேசுகிற பேச்சில் என்று எல்லா இடத்திலும். நம் தெருக்களில் தகடு எழுதிக் கொடுத்துப் பணம் வாங்குகிறவர்கள் உண்டு. கடன், கல்யாணத் தடை, பிள்ளையின் உடம்பு என்று நொந்துபோய் அவர்களிடம் போகிற குடும்பங்களும் உண்டு. உங்கள் புத்தகம் அந்த வியாபாரத்துக்குச் சாட்சியாகப் போய் நிற்கக் கூடாது. கீழே சொல்கிற படிகளில் பாதி இதற்காகத்தான்.

1. கொள்கையை ஒரே பக்கத்தில் எழுதுங்கள்

கதை எழுதத் தொடங்குவதற்கு முன் இதைச் செய்யுங்கள். ஒரு பக்கத்துக்கு மேல் போனால் கொள்கை இன்னும் முற்றவில்லை என்று பொருள். அந்தப் பக்கத்தில் நான்கு கேள்விகளுக்குப் பதில் இருக்க வேண்டும். சக்தி எங்கிருந்து வருகிறது? அதற்கு யார், என்ன விலை கொடுக்கிறார்கள்? சின்னத்தை அழித்தால் என்ன ஆகும்? இந்தச் சக்தியால் செய்யவே முடியாதது எது?

நான் கட்டிய கொள்கையையே எடுத்துக்காட்டாகத் தருகிறேன். அதற்கு 'மூடுகோட்டுக் கொள்கை' என்று பெயர் வைத்தேன். தொடங்கிய இடத்துக்கே திரும்பி வந்து சேர்கிற கோடு, அதை வரைந்த கையின் நினைவு ஒன்றைத் தனக்குள் பிடித்துவைத்துக்கொள்ளும். வரைந்தவருக்கு அந்த நினைவு போய்விடும். விலை அதுதான். சேராமல் விட்ட கோடு எதையும் பிடிக்காது. மூடிய கோட்டை அழித்தால் நினைவு வரைந்தவரிடம் திரும்பாது, அதே இடத்தில் அடுத்து வரையப்படும் கோட்டுக்குள் போய்விடும். இந்தக் கோடுகளால் நோயைத் தீர்க்க முடியாது, பணம் வராது, இறந்தவர் திரும்பமாட்டார். கொள்கை இவ்வளவுதான்.

கடைசிக் கேள்வியை யாரும் விட்டுவிடாதீர்கள். செய்ய முடியாதது என்று ஒன்று இல்லாத சக்தி கதையைக் கெடுத்துவிடும். பாத்திரத்துக்கு எந்தச் சிக்கல் வந்தாலும் ஒரு கோடு போட்டுத் தப்பித்துவிடுவார், வாசகருக்குக் கவலைப்பட எதுவும் மிஞ்சாது. அதைவிட, நோயும் பணமும் உங்கள் கொள்கையின் வேலை இல்லை என்று முதல் நாளே எழுதி வைத்துவிட்டால் பின்னால் 9ஆம் படியில் வரும் சட்டச் சிக்கல் பாதி குறையும்.

2. சின்னங்களை நேரில் போய்ப் பாருங்கள்

இணையத்தில் 'பண்டைய சின்னங்கள்' என்று தேடினால் எகிப்தும், ஐரோப்பாவின் பழைய எழுத்தான ரூனும்தான் வரும். நாம் இருக்கிற இடத்திலேயே வேண்டிய அளவு இருக்கிறது.

வண்ணாரப்பேட்டையிலிருந்தே தொடங்குங்கள். சலவைக்குப் போகும் துணியில் யார் வீட்டுத் துணி என்று தெரிவதற்குப் போடுகிற குறி, புள்ளியும் கோடுமாக ஒரு தனி எழுத்து போலவே இருக்கும். அந்தக் காலத்தில் சேங்கொட்டைச் சாற்றால் போட்டார்கள், எத்தனை முறை வெளுத்தாலும் போகாது. ஒரு தெருவின் அத்தனை குடும்பங்களையும் எழுதப் படிக்கத் தெரியாத ஒருவர் குறிகளாலேயே மனத்தில் வைத்திருந்தார் என்பதை என்னால் இன்றும் சாதாரணமாக எடுத்துக்கொள்ள முடியவில்லை. என் கதையே அங்கிருந்துதான் பிறந்தது: ஊரார் துணிக்கெல்லாம் மூடுகோடு போட்டுப் போட்டு, தன் நினைவை ஒவ்வொன்றாக இழந்துவிட்ட ஒரு முதியவர். பழைய தொழில் தெரிந்தவர்களிடம் உட்கார்ந்து கேளுங்கள், சொல்வார்கள். ஆனால் நாட்டு மருந்துக் கடையில் சேங்கொட்டை வாங்கி வீட்டில் சோதித்துப் பார்க்காதீர்கள். அதன் பால் பட்ட இடத்தில் தோல் கொப்பளித்துவிடும்.

கோலம் அடுத்தது. ஒரே கம்பியாக ஓடி, புள்ளிகளைச் சுற்றிவிட்டுத் தொடங்கிய இடத்தில் வந்து முடிகிற சிக்குக் கோலத்தைப் போடத் தெரிந்த பெண்கள் உங்கள் வீட்டிலேயே இருக்கக்கூடும். 1970களில் சென்னைக் கிறித்தவக் கல்லூரியின் கிஃப்ட் சிரோமணியும் உடனிருந்தவர்களும் இந்தக் கோலங்களுக்குக் கணினி இலக்கணமே எழுதினார்கள். ஒரு வடிவத்துக்கு விதி உண்டு, விதி மீறினால் கோலம் சரியாக வந்து முடியாது என்பது உங்கள் கற்பனைக் கொள்கைக்கு நல்ல பயிற்சி.

திருவொற்றியூர்க் கோயிலில் ஆதிபுரீஸ்வரர் சன்னதிச் சுவரில் சோழர் காலக் கல்வெட்டுகள் உள்ளன. பார்க்கலாம், நோட்டில் பார்த்து வரையலாம். படம் எடுப்பதற்கு முன் கோயில் அலுவலகத்தில் கேட்டுவிடுங்கள். எழுத்து பளிச்சென்று தெரியட்டும் என்று சுண்ணப்பொடி, மாவு, எண்ணெய் தடவுவதைச் சிலர் செய்கிறார்கள். தயவுசெய்து செய்யாதீர்கள். ஆயிரம் வருடம் நின்ற எழுத்து அதனால்தான் தேய்கிறது.

காசிமேட்டில் படகுகளில் பலவிதக் குறிகளைப் பார்க்கலாம். உரிமையாளரிடம் கேட்டுவிட்டுப் படம் எடுங்கள். படகின் பதிவு எண்ணைப் புத்தகத்தில் போடாதீர்கள், அது அந்தக் குடும்பத்தின் அடையாளம்.

எழும்பூர் அரசு அருங்காட்சியகத்துக்கு ஒரு முழு நாள் ஒதுக்குங்கள். வெள்ளிக்கிழமை விடுமுறை, அன்றைக்குப் போய் நிற்காதீர்கள். விம்கோ நகர், தண்டையார்பேட்டை, வண்ணாரப்பேட்டை எங்கிருந்து ஏறினாலும் மெட்ரோவில் சென்ட்ரல் வந்து, அங்கே பச்சை வழித்தடத்துக்கு மாறி எழும்பூரில் இறங்கலாம். ஆதிச்சநல்லூரில் கிடைத்த பொருள்கள், நடுகற்கள், செப்பேடுகள் எல்லாம் அங்கே இருக்கின்றன.

கல்லில் வெட்டிய சின்னத்துக்கு ஒரு காலத்தில் மெய்யாகவே என்ன சக்தி இருந்தது என்று அங்கே நின்று யோசியுங்கள். நிலத்தின் எல்லையில் திரிசூலம் பொறித்த கல்லை நட்டால் அது சிவன் கோயில் நிலம், அதற்குச் சூலக்கல் என்று பெயர். சக்கரம் பொறித்தால் பெருமாள் கோயில் நிலம், அது திருவாழிக்கல். எழுதப் படிக்கத் தெரியாதவரும் அந்தக் கல்லைத் தாண்டி ஏர் ஓட்டமாட்டார். கொடை சந்திர சூரியர் உள்ளவரை நிற்கட்டும் என்று கல்வெட்டில் எழுதி, மேலே அந்த இரண்டையும் செதுக்கி வைத்தார்கள். சின்னத்துக்குப் பின்னால் ஊர் நின்றது, அதனால் சின்னம் நின்றது. இதைப் புரிந்துகொண்டு கட்டுகிற கற்பனைக்கு ஒரு கனம் வரும். சும்மா ஒளி வீசுகிற முக்கோணத்தை வைத்துக் கட்டினால் அது வராது.

3. மூன்று பத்தி நோட்டு

ஒரு நீளமான நோட்டை எடுத்து, ஒவ்வொரு பக்கத்தையும் மேலிருந்து கீழாகக் கோடு போட்டு மூன்று பத்தியாகப் பிரித்துக்கொள்ளுங்கள். முதல் பத்தியில் எல்லாரும் ஒப்புக்கொண்ட உண்மை. இரண்டாவதில் ஆய்வாளர்களில் ஒரு சாரார் சொல்வது. மூன்றாவதில் நீங்கள் கட்டியது. புத்தகத்தில் வருகிற ஒவ்வொரு சின்னத்துக்கும் ஒரு வரி.

சிந்து சமவெளிக் குறிகளை எடுத்துக்கொள்வோம். பழைய எழுத்துகளை ஆராய்ந்த ஐராவதம் மகாதேவன் 1977இல் வெளியிட்ட தொகுப்பில் 417 குறிகள் வரிசைப்படுத்தப்பட்டுள்ளன. அது முதல் பத்தி. அந்த எழுத்தின் மொழி தொல் திராவிடம் என்ற கருத்து இரண்டாம் பத்தி. இன்னும் யாரும் அந்த எழுத்தை எல்லாரும் ஏற்கும்படி படிக்கவில்லை. படிப்பவருக்கு 10 லட்சம் டாலர் பரிசு என்று தமிழ்நாடு முதலமைச்சர் 2025 ஜனவரியில் அறிவித்ததும் அதனால்தான். எனவே 'இந்தக் குறியின் பொருள் இது' என்று கதையில் எந்தப் பாத்திரம் சொன்னாலும் அது மூன்றாம் பத்திக்குத்தான் போகும். கீழடியிலும் மற்ற இடங்களிலும் பானை ஓடுகளில் கிடைத்த கீறல் குறிகளுக்கும் இதே கதைதான். வடிவ ஒற்றுமை பற்றி ஆய்வு நடக்கிறது, பொருள் தெரிந்துவிட்டது என்று எழுதிவிடாதீர்கள்.

இந்த நோட்டு பின்னால் மூன்று வேலைகளுக்கு உதவும்: முன்பக்க அறிவிப்பு எழுத, ஓவியருக்கு விளக்க, யாராவது உங்களிடம் வந்து கேட்டால் பதில் சொல்ல. கேட்பார்கள். எங்கள் எதிர்வீட்டு அக்கா கைப்பிரதியில் படத்தைப் பார்த்துவிட்டு, "தம்பி, இத்த வாசப்படில போட்டா கடன் தீருமா?" என்றார். அவர் விளையாட்டுக்குக் கேட்கவில்லை. நான் உட்கார்ந்து, "இல்லக்கா, இது நானா வரைஞ்சது, கதைக்காக" என்று நோட்டையே திறந்து காட்டினேன். அதற்குப் பிறகுதான் முன்பக்க அறிவிப்பைச் சின்ன எழுத்தில் ஓரமாகப் போடாமல், தனிப் பக்கமாகப் போடுவது என்று முடிவெடுத்தேன்.

4. தொடக்கூடாத சின்னங்கள்

சாரநாத் சிங்கத் தூண் நமக்கு மிகப் பழைய சின்னம்தான், ஆனால் அது நாட்டின் இலச்சினை. அரசுத் தொடர்பு இருப்பது போலத் தோன்றும்படியோ வியாபாரத்துக்கோ அதைப் பயன்படுத்துவதை 2005ஆம் ஆண்டின் அரசு இலச்சினைச் சட்டம் தடுக்கிறது, சிறைத் தண்டனை வரை போகலாம். தமிழ்நாடு அரசின் கோபுரச் சின்னத்திலும் அதே சிங்கங்கள் உண்டு. அட்டையில் இரண்டுமே வேண்டாம்.

மண்ணடியில் மசூதி, ராயபுரத்தில் மாதா கோயில், சௌகார்பேட்டையில் சமணக் கோயில், எல்லாம் நடந்து போகிற தூரத்தில் இருக்கிற ஊர் நம்முடையது. இன்று வழிபாட்டில் இருக்கிற சின்னத்துக்கு நீங்களாக ஒரு ரகசிய சக்தியைக் கற்பிக்காதீர்கள். சட்டத்துக்குப் பயந்து மட்டும் சொல்லவில்லை. அதன் முன்னால் கைகூப்புகிற மக்கள் பக்கத்து வீட்டில் இருக்கிறார்கள், அது அவர்களுடையது. சொந்தமாக வடிவம் கட்டுங்கள், அல்லது வழக்கொழிந்துபோன குறிகளை எடுத்துக்கொள்ளுங்கள்.

'நூறு வருஷத்துத் தகடு', 'அசல் ஓலை' என்று யாராவது விற்க வந்தால் வாங்காதீர்கள். நூறு ஆண்டு கடந்த கலைப்பொருளும், எழுபத்தைந்து ஆண்டு கடந்த மதிப்புள்ள கையெழுத்துச் சுவடியும் 1972ஆம் ஆண்டின் தொல்பொருள் சட்டத்துக்குள் வந்துவிடும். உரிமம் இல்லாமல் அந்த வியாபாரம் செய்யக் கூடாது. போலியாக இருந்தால் பணம் போகும், அசலாக இருந்தால் வம்பு வரும்.

5. ஓவியரோடு எழுத்தில் ஒப்பந்தம்

சின்னங்களை வேறொருவர் வரைந்து தருகிறார் என்றால், காசு கொடுத்துவிட்டோம், படம் நமக்குத்தான் என்று நினைத்துக்கொள்ள வேண்டாம். பதிப்புரிமை கைமாற வேண்டுமானால் எழுத்தில் இருக்க வேண்டும், அவர் கையெழுத்து வேண்டும். எத்தனை ஆண்டுக்கு என்று எழுதாவிட்டால் சட்டம் ஐந்து ஆண்டு என்றே எடுத்துக்கொள்ளும். எந்த இடத்துக்கு என்று எழுதாவிட்டால் இந்தியாவுக்குள் மட்டும். எனவே எந்தெந்தப் படம், எவ்வளவு காலம், எந்த நாடுகள், அச்சு மட்டுமா மின்னூலும் சேர்த்தா, எவ்வளவு தொகை என்று ஐந்தையும் எழுதுங்கள். உயர் நீதிமன்றம் எதிரே முத்திரைத்தாள் விற்பவரிடம் அன்றைய கட்டணத்தைக் கேட்டு வாங்குங்கள். பக்கத்திலேயே நோட்டரியும் இருப்பார். ஓவியர் நண்பராக இருந்தால் இது இன்னும் அவசியம்.

அருங்காட்சியகத்திலோ ஆய்வு நூலிலோ உள்ள நிழற்படத்தை அப்படியே எடுத்துப் போடவும் கூடாது. பழைய சின்னத்துக்கு உரிமையாளர் கிடையாது, ஆனால் அதைப் படம் பிடித்தவருக்கு அந்தப் படத்தில் உரிமை உண்டு. நேரில் பார்த்துக் கையால் வரைந்துகொள்ளுங்கள்.

6. பதிப்புரிமைப் பதிவு

பதிவு கட்டாயம் இல்லை. எழுதி முடித்த அந்தக் கணமே உரிமை உங்களுக்கு வந்துவிடுகிறது, உங்கள் ஆயுளுக்கும் அதன் பின் 60 ஆண்டுக்கும் நிற்கும். ஆனாலும் பதிவுச் சான்றிதழ் கையில் இருந்தால் தகராறு வரும்போது நிரூபிப்பது எளிது. செலவும் குறைவு என்பதால் செய்துவிடுங்கள் என்றே சொல்வேன்.

பதிப்புரிமை அலுவலகத்தின் இணையதளத்தில் படிவம் 14ஐ நிரப்ப வேண்டும். இலக்கியப் படைப்புக்குக் கட்டணம் 500 ரூபாய். சின்னங்களின் ஓவியங்களைத் தனியாகப் பதிய விரும்பினால் அது வேறு படைப்பு, இன்னொரு விண்ணப்பம், இன்னொரு 500. கையில் வைத்துக்கொள்ள வேண்டியவை: அடையாளச் சான்று, முகவரிச் சான்று, கைப்பிரதியின் பிடிஎஃப், கையெழுத்தின் ஸ்கேன், ஓவியர் வேறொருவர் என்றால் அவரது மறுப்பின்மைக் கடிதம் (ஆட்சேபம் இல்லை என்று எழுதித் தருவது), ஏற்கெனவே வெளியான நூல் என்றால் பதிப்பாளரின் மறுப்பின்மைக் கடிதம். பணம் கட்டியதும் உங்கள் விண்ணப்பத்துக்கு நாட்குறிப்பு எண் (டைரி நம்பர்) ஒன்று வரும், அதைப் பத்திரமாக எழுதி வையுங்கள். அதிலிருந்து 30 நாள், யாராவது ஆட்சேபம் சொல்கிறார்களா என்று காத்திருக்கும் காலம். அந்தக் காலம் குறையவே குறையாது, யார் வேகமாக முடித்துத் தருகிறேன் என்றாலும் நம்பாதீர்கள். அதன் பிறகு பரிசோதகர் பார்ப்பார். குறை ஏதும் இருந்தால் கடிதம் அனுப்புவார், அதில் சொன்ன கெடுவுக்குள் பதில் போடாவிட்டால் விண்ணப்பம் போய்விடும். மின்னஞ்சலில் குப்பைப் பெட்டியையும் வாரம் ஒருமுறை பாருங்கள்.

பலர் சறுக்குகிற இடம் இதுதான். பதிவு உங்கள் எழுத்தைக் காக்கும், கொள்கையைக் காக்காது. மூடுகோடு நினைவைப் பிடிக்கும் என்ற கருத்தை நாளை வேறொருவர் எடுத்து வேறு கதை எழுதினால் தடுக்க முடியாது. என் வாக்கியங்களையும் என் பாத்திரங்களையும் எடுத்தால்தான் தடுக்கலாம். இதை மறைத்துவிட்டு, 'உங்கள் கொள்கைக்கே காப்புரிமை (பேட்டன்ட்) வாங்கித் தருகிறோம்' என்று பல ஆயிரம் கேட்கிற முகவர்கள் இருக்கிறார்கள். 1970ஆம் ஆண்டின் காப்புரிமைச் சட்டம் 3ஆம் பிரிவில், வெறும் கருத்தளவிலான கோட்பாட்டுக்குக் காப்புரிமை கிடையாது என்றே இருக்கிறது. ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.

தொடராகப் பல நூல் கொண்டுவரப் போகிறீர்கள், வரிசைக்கு ஒரு பெயர் இருக்கிறது என்றால் அந்தப் பெயரை வணிகக்குறியாக (டிரேட்மார்க்) பதியலாம். அலுவலகம் கிண்டியில். தனிநபர் இணையத்தில் விண்ணப்பித்தால் ஒரு வகுப்புக்கு 4,500 ரூபாய். முதல் புத்தகத்துக்கு அது தேவையில்லை என்பது என் கருத்து.

7. ஐ.எஸ்.பி.என்.

ஒவ்வொரு புத்தகத்தையும் தனியாக அடையாளம் காட்டும் எண் இது, இலவசம். கல்வி அமைச்சகத்தின் கீழுள்ள ராஜா ராம்மோகன் ராய் தேசிய முகமையின் இணையதளத்தில் எழுத்தாளரே பதிந்துகொள்ளலாம். அடையாளச் சான்று, முகவரிச் சான்று, அட்டையின் படம், தலைப்புப் பக்கம் கேட்பார்கள். 13 இலக்க எண் வரும். அச்சு நூலுக்கு ஒன்று, மின்னூலுக்கு ஒன்று, தனித்தனியாக வேண்டும். எண் கைக்கு வருமுன் அட்டையை அச்சுக்கு அனுப்பாதீர்கள்.

8. அச்சகம்

காகிதத்தைத் தொட்டுப் பார்க்க ஆண்டர்சன் தெருவுக்குப் போங்கள். பாரிமுனையில் இறங்கி நடந்தால் காகிதக் கடைகள் வரிசையாக இருக்கும். உள்பக்கத்துக்கு 70 ஜிஎஸ்எம் (ஒரு சதுர மீட்டர் தாளின் எடை, கிராமில்) மேப்லித்தோ என்கிற வெள்ளைத் தாள் போதும், அட்டைக்கு 300 ஜிஎஸ்எம் ஆர்ட் போர்டு. டெமி என்கிற புத்தக அளவில் ஒரு பாரம் 16 பக்கம். உங்கள் பக்க எண்ணிக்கை 96, 112 என்று பதினாறின் மடங்கில் முடியும்படி பார்த்துக்கொண்டால் வெற்றுப் பக்கத்துக்குக் காசு போகாது. முந்நூறு பிரதிக்குக் குறைவு என்றால் டிஜிட்டலுக்கும் ஆஃப்செட்டுக்கும் இரண்டு விலை கேட்டுப் பாருங்கள். ஆஃப்செட்டில் அச்சுத் தகடு (பிளேட்) செய்கிற செலவு பிரதி குறைந்தாலும் குறையாது. அச்சிட்ட புத்தகத்துக்கு ஜிஎஸ்டி இல்லை, ஆனால் அச்சகத்தின் பில்லில் வரி சேரலாம். வரி, லேமினேஷன், பைண்டிங், கொண்டுவந்து சேர்க்கும் கூலி எல்லாம் உட்பட எழுத்தில் விலை வாங்குங்கள்.

சின்னங்கள் உள்ள புத்தகத்துக்கென்றே சில தொல்லைகள் உண்டு, அச்சகத்தில் யாரும் முன்கூட்டிச் சொல்வதில்லை.

சிந்துக் குறிகள் ஒருங்குறியில் (கணினிகள் எல்லாம் பொதுவாகப் பயன்படுத்தும் எழுத்துத் தொகுப்பான யூனிகோடில்) இல்லை, வட்டெழுத்தும் இல்லை. பிராமி உண்டு, ஆனால் அச்சகக் கணினியில் அந்த எழுத்துரு இருக்காது. பல இடங்களில் இன்னும் பழைய தமிழ் எழுத்துருக்களுக்கு மாற்றித்தான் பக்கம் கட்டுகிறார்கள். மாற்றும்போது வரிக்கு நடுவில் நீங்கள் தட்டிய சின்னமெல்லாம் கட்டம் கட்டமாக ஆகிவிடும். எனவே ஒவ்வொரு சின்னத்தையும் தனிப் படக் கோப்பாக, பெரிதாக்கினாலும் கோடு உடையாத வெக்டார் வடிவில் கொடுங்கள். கோப்பின் பெயரில் எண் இருக்கட்டும், வரும் இடத்தில் அதே எண்ணைக் கைப்பிரதியில் குறியுங்கள்.

பக்கத்தில் இடம் பொருந்தட்டும் என்று பக்கம் கட்டுகிறவர் படத்தைத் திருப்பிவிடுவார், சில நேரம் கண்ணாடியில் பார்ப்பது போலப் புரட்டியும்விடுவார். அவருக்கு அது அலங்காரம். உங்கள் கதையில் இடம் வலம் மாறினால் பொருளே மாறலாம். ஒவ்வொரு படத்துக்கும் மேல்புறம் எது என்று அம்புக்குறி போட்ட ஒரு மாதிரித் தாளைக் கூடவே கொடுங்கள்.

மேப்லித்தோ காகிதம் மையை உறிஞ்சும், கோடு கொஞ்சம் தடிக்கும். மெல்லிய இடைவெளி அடைந்துவிடும். மூடிய கோடு, திறந்த கோடு என்ற வேறுபாட்டிலேயே என் கொள்கை நிற்பதால், திறந்த சின்னம் அச்சில் மூடிக்கொண்டால் கதை தலைகீழாகிவிடும். இடைவெளியை ஒரு மில்லிமீட்டருக்குக் குறையாமல் வரையச் சொல்லுங்கள். பிழைத்திருத்தப் பிரதியை வேறு தாளில் வாங்காமல், அச்சாகப் போகும் அதே காகிதத்தில் ஒரு பக்கம் எடுத்துத் தரச் சொல்லுங்கள். பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்த பிறகே கையெழுத்துப் போடுங்கள்.

காலம் பற்றி: சென்னைப் புத்தகக் காட்சி ஜனவரியில், பொங்கலை ஒட்டி. அதற்காக வரும் புத்தகம், டைரி, காலண்டர் எல்லாம் சேர்ந்து நவம்பர், டிசம்பரில் அச்சகங்கள் நிரம்பி வழியும். உங்கள் கோப்பு அக்டோபரில் அச்சகத்தில் இருக்க வேண்டும். அப்படியானால் பதிப்புரிமை விண்ணப்பம் ஜூலை, ஐ.எஸ்.பி.என். ஆகஸ்ட், ஓவியங்கள் செப்டம்பர் முதல் வாரம். காட்சி உங்களுக்கு முக்கியமில்லை என்றால் பிப்ரவரிக்குப் பிறகு அச்சிடுங்கள், பொறுமையாகச் செய்து தருவார்கள்.

9. முன்பக்க அறிவிப்பும் பின்னட்டையும்

முன்பக்க அறிவிப்பு தலைப்புப் பக்கத்துக்கு அடுத்தபடியாக, நூலின் எழுத்தளவிலேயே இருக்க வேண்டும். நான் போட்டது இது, வேண்டுமானால் மாற்றி எடுத்துக்கொள்ளுங்கள்:

'இந்நூலில் வரும் மூடுகோட்டுக் கொள்கை ஆசிரியர் கதைக்காகக் கட்டியது. இதிலுள்ள சின்னங்களுக்கு நோய் தீர்க்கும், பணம் சேர்க்கும், தீமை விலக்கும் ஆற்றல் எதுவும் இல்லை. இவற்றைத் தகடாகவோ தாயத்தாகவோ யாரேனும் விற்றால் வாங்க வேண்டாம்.'

கடைசி வாக்கியம் வேண்டாம், புத்தகத்தின் மயக்கத்தைக் கெடுக்கிறது என்று சிலர் சொன்னார்கள். நான் எடுக்கவில்லை. கதையை நம்பி வாசிக்கிறவருக்கு முதல் பக்க அறிவிப்பு தடையாக இருக்காது, பத்தாவது பக்கத்தில் மறந்துவிடுவார். ஆனால் தாயத்துக்காரரிடம் ஏமாறப் போகிற ஒருவருக்கு அந்த ஒரு வரி போய்ச் சேரலாம்.

பின்னட்டையிலும் துண்டறிக்கையிலும் இன்னும் கவனம் வேண்டும். மந்திரம், தாயத்து, கவசம் போன்றவற்றால் நோய் தீரும் என்று விளம்பரம் செய்வதை மருந்துகள் மற்றும் மாயப் பரிகாரங்கள் சட்டம், 1954 தடை செய்கிறது. முதல் குற்றத்துக்கே ஆறு மாதம் வரை சிறை. விளம்பரம் என்பதில் துண்டுச் சீட்டு, லேபிள், மேலுறை எல்லாம் அடங்கும். 'படித்தால் உடலும் மனமும் நலம் பெறும் அபூர்வச் சின்னங்கள்' என்பது போல ஒரு வரி விற்பனைக்கு உதவும் என்று யாராவது எழுதித் தந்தால் வாங்காதீர்கள். 'நாவல்' என்ற சொல்லைப் பின்னட்டையின் முதல் வரியிலேயே வையுங்கள். புத்தகத்தோடு சின்னம் பொறித்த செப்புத்தகடு இலவசம் என்ற யோசனை எனக்கும் வந்து சேர்ந்தது. வேண்டாம். புக்மார்க் கொடுங்கள், அதில் சின்னத்துக்குப் பதில் கதையிலிருந்து ஒரு வரி போடுங்கள்.

புனைபெயரில் எழுதுகிறவர்களுக்கு ஒரு சொல்: பெயர் வெளியே தெரியாதவரை உரிமைக் காலம் நூல் வெளியானதிலிருந்து 60 ஆண்டுதான், ஆயுள் கணக்கு கிடையாது.

10. நூலகப் பிரதிகள்

புதிதாகப் பதிப்பிக்கிறவர்கள் பெரும்பாலும் விட்டுவிடுவது இது. 1954ஆம் ஆண்டின் நூல் வழங்கல் சட்டப்படி, வெளியான 30 நாளுக்குள் கொல்கத்தா தேசிய நூலகம், மும்பை ஏசியாட்டிக் சொசைட்டியில் உள்ள நூலகம், டெல்லி பொது நூலகம், சென்னை கன்னிமாரா ஆகிய நான்குக்கும் ஒவ்வொரு பிரதி, பதிப்பாளர் செலவில் போய்ச் சேர வேண்டும். நீங்களே பதிப்பாளர் என்றால் அது உங்கள் பொறுப்பு. அபராதம் 50 ரூபாயும் நூலின் விலையும்தான், ஆனால் அதற்காகச் செய்ய வேண்டாம். கன்னிமாராவில் ஒரு பிரதி இருந்தால் நாளைக்கு உங்கள் தெருப் பிள்ளை ஒருவர் தேடி எடுத்துப் படிக்கலாம்.

மூன்று பிரதிகளை ஸ்பீடு போஸ்டில் அனுப்பி ரசீதுகளை ஒரே உறையில் போட்டு வையுங்கள். கன்னிமாராவுக்கு நேரிலேயே போகலாம், அருங்காட்சியகம் இருக்கும் அதே பாந்தியன் சாலை வளாகம்தான். பிரதியின் உள்ளே தலைப்பு, விலை, பக்கம், வெளியான தேதி, உங்கள் முகவரி எழுதிய கடிதம் ஒன்றை வையுங்கள். அதன் நகலில் தேதியோடு முத்திரை போட்டு வாங்கிக்கொண்டு கிளம்புங்கள்.